ஸ்தமாத்தியா வீட்டு முதல் கால்

பாத்து, பிள்ளை, பாத்து! அந்தப் பைக்கு மேலை இருந்திடாதேங்கோ. உள்ளுக்கை மாதுளம்பழம் கிடக்கு. பொறுங்கோ, இஞ்சாலை எடுக்கிறன். ஆ, இப்ப வடிவா இருங்கோ.

நீங்கள் போனிலை தமிழ் கதைச்சுக்கொண்டு வந்தது கேட்டது. அதுதான் துணிஞ்சு தமிழிலை சத்தம் போட்டனான். மதுரைப் பக்கமோ? நான் யாழ்ப்பாணம். சபாநாயகம் எண்டு பேர். இந்த மெல்பேர்ணுக்கு வந்து முப்பது வருசத்துக்கு மேலை. உடுப்பைப் பாத்தா தாதி மாதிரிக் கிடக்கு. இரவு வேலை முடிச்சு வாறியளோ? அப்ப நித்திரை தூக்கும். பரவாயில்லை, நான் கதைக்க வெளிக்கிட்டா ஒருத்தருக்கும் நித்திரை வராது எண்டு என்ரை மனுசி சொல்லுறவா. அது புகழ்ச்சியோ திட்டோ எண்டு எனக்கு இண்டைவரைக்கும் பிடிபடேல்லை.

பஸ் இப்போதைக்கு வராது. இங்கிலீசு வருசப் பிறப்பு லீவெல்லே? இண்டைக்கு அது தனக்கு மனம் வந்தாத்தான் வரும்.

வேட்டி சால்வையோடை, கையிலை பொல்லோடை, பையுக்கை ஒரே ஒரு மாதுளம்பழத்தோடை ஒரு கிழவன் தன்பாட்டிலை குந்தியிருக்கிறான், ஆளுக்கு என்ன விசரோ எண்டு நினைப்பியள். விசரில்லைப் பிள்ளை. அநியாயம். எனக்கு நடந்தது அநியாயம். இத்தினை வருசமா ஒரு வீட்டுக்கு நான் முதல் காலாய் இருந்தனான். இந்த வருசம் என்னை மாத்திப் போட்டினம். மாத்தி ஆரைப் பிடிச்சவை தெரியுமே? ஒரு தட்டைக்காலனை!

கொஞ்சம் பொறுங்கோ, போன் அடிக்குது. மனுசிதான். அடிக்கட்டும். நான் கோயிலுக்குப் போறன் எண்டு சொல்லிட்டு வந்தனான். கோயிலுக்குள்ளை போன் எடுக்கக் கூடாதெல்லே.

முதல் கால் எண்டா என்ன எண்டு கேக்கிறியள். சொல்லுறன். ஆனா அதுக்கு முதல் சிங்கத்தைப் பற்றிச் சொல்ல வேணும்.

நாங்கள் இஞ்சை வந்து, ஒரு மாதிரிப் பாடுபட்டு, இந்தப் பக்கம் ஒரு சின்ன வீடு வாங்கினம். குடி வந்த முதல் நாள், காலமை என்ரை மனுசி தவமலர் யன்னலைத் திறந்தா. திறந்தவா "ஐயோ!" எண்டு குழறினா. ஓடிப் போய்ப் பாத்தா, பக்கத்து வீட்டு கேற்றிலை ரெண்டு சிங்கம். சீமெந்துச் சிங்கம், வாயைப் பிளந்துகொண்டு, வெள்ளைப் பெயின்ற் அடிச்சு. "இஞ்சையும் வந்திட்டாங்களே!" எண்டு மனுசி அழுது போட்டா. பாருங்கோ, நாங்கள் சிங்கக் கொடிக்குப் பயந்து நாட்டை விட்டு ஓடி வந்த சனம். கடலெல்லாம் தாண்டி வந்து வீடு வாங்கினா, விடியக் காலமை முழிக்கிறது ரெண்டு சிங்கத்தின்ரை முகத்திலை.

பேந்துதான் தெரிஞ்சது, அது கிரேக்கரின்ரை வீடு. அவையளுக்கு வீடு எண்டு ஒண்டு வாங்கினா, வாசலுக்கு ரெண்டு சிங்கம் வைச்சாத்தான் வாங்கின மாதிரி. முன் வளவு முழுக்கச் சீமெந்து. புல்லை வெட்ட எங்களுக்கு என்ன விசரோ எண்டு பெரியவர் கேப்பார். சீமெந்துக்கு நடுவிலை எண்ணெய்த் தகரங்கள், தகரத்துக்குள்ளை துளசி மாதிரி ஒரு செடி. மனுசிக்கு அந்தச் செடியைக் கண்டாப் பிறகுதான் கொஞ்சம் சீவன் வந்தது. "சிங்கம் வைச்சாலும் துளசி வைச்சிருக்குதுகள், நல்ல சனமாத்தான் இருக்கும்" எண்டா. அது துளசியில்லை, சாப்பாட்டுக்குப் போடுற இலை. இருந்தாலும் மனுசி வெள்ளிக்கிழமையிலை வேலிக்கு இஞ்சாலை நிண்டு அதைக் கும்பிடுவா.

பெரியவருக்குத் தனாசி எண்டு பேர். அவற்றை மனுசி ஸ்தமாத்தியா. ஒரே ஒரு மகள், வூலா. அவையள் எங்களுக்கு இருபது, இருபத்தைஞ்சு வருசத்துக்கு முதல் கப்பலிலை வந்த ஆக்கள். தனாசி கார் செய்யிற பக்ரறியிலை வேலை செய்தவர். அவையின்ரை இங்கிலீசும் நொண்டி, என்ரை இங்கிலீசும் நொண்டி. ரெண்டு நொண்டியும் ஒண்டையொண்டு பிடிச்சுக்கொண்டு நல்லாத்தான் நடந்தது.

அந்த மனுசன் சொல்லுற கதையள் கேக்க வேணும் பிள்ளை. அவையள் வந்த காலத்திலை இஞ்சை ஒலிவ் எண்ணெய் பார்மசியிலைதானாம். சின்னச் சின்னப் போத்தல். காது வருத்தத்துக்கு விடுற மருந்து. கிரேக்கனுக்கு எண்ணெய் இல்லாமல் சோறு இறங்குமே? தனாசி ஒவ்வொரு சனியும் போய்ப் பார்மசியிலை இருக்கிற போத்தல் எல்லாத்தையும் அள்ளிக்கொண்டு வருவாராம். பார்மசிக்காரன் பாவப்பட்டு, "உன்ரை குடும்பம் முழுக்கச் செவிடோ?" எண்டு கேட்டானாம். இவரும் ஓம் எண்டு சொல்லிப் போட்டார். அதுக்குப் பிறகு அந்தப் பார்மசிக்காரன் தெருவிலை ஸ்தமாத்தியாவைக் கண்டாலும் காதுக்குக் கிட்ட வந்து கத்தித்தான் கதைப்பானாம். அவா பயந்து போய், இந்த நாட்டிலை மரியாதைக்காரர் எல்லாம் கத்தித்தான் கதைப்பினமாக்கும் எண்டு நினைச்சுத் தானும் கத்தப் பழகிப் போட்டா. இண்டைக்கும் அவா "காலை வணக்கம்" எண்டு சொன்னா எங்கடை வீட்டு யன்னல் அதிரும்.

பின் வளவிலை ஒரு அத்தி மரம் நிக்குது. அதின்ரை தடியைத் தனாசி ஊரிலையிருந்து கோட்டுத் துணிக்குள்ளை வைச்சுத் தைச்சுக்கொண்டு வந்தவர். கப்பலிலை வெக்கைக்குள்ளையும் அந்தக் கோட்டைக் கழட்டேல்லையாம். ஆள் வேர்த்து வேர்த்து மயங்கினாலும் தடி காயேல்லை.

பாத்தியளே, திருப்பியும் அடிக்குது. அடி, அடி. நல்லா அடி.

சரி. நாங்கள் குடி வந்த முதல் வருசப் பிறப்பு. முதல் நாள் அவையின்ரை வீட்டிலை பாட்டும் கூத்தும், விடியுமட்டும். எங்கடை சின்னவன் கைக்குழந்தை, அவன் நித்திரை கொள்ளேல்லை, அவன் கொள்ளாட்டி ஆர் கொள்ளுறது? காலமை மனுசி என்னைப் பிடிச்சுத் தள்ளினா. "போய்ச் சொல்லிப் போட்டு வாங்கோ! ஆம்பிளை எண்டு இருக்கிறியள்தானே?" நான் ஒரு இங்கிலீசு வசனத்தைப் பாடமாக்கிக்கொண்டு போனன். நல்ல கடுப்பான வசனம். கோபத்திலை கதவைத் தட்டினன். கதவு திறந்தது. எங்கடை பழக்கந்தானே, ஆற்றை வீடெண்டாலும் வலது காலை வைச்சு உள்ளுக்குப் போனன். சண்டைக்குப் போனாலும் வலது கால்தான்.

ஸ்தமாத்தியா என்ரை காலைப் பாத்தா. முகத்தைப் பாத்தா. திருப்பியும் காலைப் பாத்தா. பாத்திட்டு ஒரு சத்தம் போட்டா பாருங்கோ, எனக்கு என்ரை வசனம் மறந்து போச்சு. ஓடிப் போய் ஒரு மாதுளம்பழத்தைக் கொண்டு வந்து என்ரை கையிலை திணிச்சு, "எறி! எறி!" எண்டா. ஆருக்கு எறியிறது? தனாசி நிலத்தைக் காட்டினார். ஓங்கி எறிஞ்சன். வாசல் முழுக்கச் சிவப்பு முத்து. என்ரை வெள்ளைச் சேட்டு முழுக்கச் சிவப்பு. எல்லாரும் கை தட்டினவை. நாங்கள் பூசணிக்காய் உடைக்கிற மாதிரி ஏதோ எண்டு நினைச்சு நானும் கும்பிட்டன்.

அதுதான் பிள்ளை, முதல் கால். வருசம் பிறந்து அவையின்ரை வீட்டுக்குள்ளை முதன் முதல் வலது காலை வைக்கிற ஆளின்ரை ராசிதான் அந்த வருசம் முழுக்க வீட்டுக்கு. எங்களுக்கும் கைராசி, கால்ராசி எண்டு இருக்குத்தானே. எனக்கு விளக்கவே தேவைப்படேல்லை. பெருமையாத்தான் கிடந்தது.

பிறகு இருத்தி வைச்சு ஒரு கேக் துண்டு தந்தினம். அதுக்குள்ளை ஒரு நாணயத்தை ஒளிச்சு வைச்சுச் சுடுறவை. ஆற்றை துண்டிலை வருதோ அவருக்கு அதிர்ஷ்டம். இதை முதலே சொல்ல வேண்டாமே? நான் ஆவெண்டு வாயைத் திறந்து ஒரு கடி கடிச்சன். டக்கெண்டு ஒரு சத்தம். எல்லாரும் "அதிர்ஷ்டம்! அதிர்ஷ்டம்!" எண்டு துள்ளினவை. எனக்கு முன் பல்லுப் பாதி போச்சு.

வூலா தான் பாவப்பட்டு அடுத்த நாள் என்னைத் தன்ரை காரிலை பல் டொக்டரிட்டைக் கூட்டிக்கொண்டு போனவள். கிரேக்கப் பெடியன், ஸ்டெலியோஸ் எண்டு பேர். நான் வாயைத் திறந்துகொண்டு படுத்திருக்கிறன். அவன் என்ரை வாயைப் பாக்கேல்லை, எனக்கு மேலாலை வூலாவைப் பாக்கிறான். முப்பது தாண்டியும் அவளுக்கு ஒரு கலியாணமும் சரிவரேல்லை எண்டு தாய் அழுது கொண்டிருந்த காலம் அது. அந்தப் பல்லைக் கட்ட அவன் என்னை எத்தினை தரம் கூப்பிட்டான் எண்டு கேளாதேங்கோ. ஒவ்வொரு முறையும் "வூலாவைக் கூட்டிக்கொண்டு வாங்கோ, அவதான் மொழிபெயர்க்க வேணும்" எண்டான். வூலாவுக்குத் தமிழ் தெரியாது, எனக்குக் கிரேக்கம் தெரியாது. என்னத்தை மொழிபெயர்க்கிறது? அந்த வருசமே கலியாணம்.

பாத்தியளே என்ரை காலின்ரை வேலையை! மனுசி சொல்லுறா, அது காலில்லை, பல்லு எண்டு. விளங்காத கதை. கால் போகாமல் பல்லு எப்பிடிப் போறது?

அண்டு துவங்கினதுதான். ஒவ்வொரு வருசமும் நத்தாருக்கு, அதுதான் உங்கடை கிறிஸ்மசுக்கு, முதலே ஸ்தமாத்தியா வேலியாலை எட்டிப் பாத்து, "சபா, கால்!" எண்டு கத்துவா. நானும் வேட்டி சால்வை கட்டி, திருநீறு பூசி, மாப்பிள்ளை மாதிரிப் போவன். நான் போகுமட்டும் ஒரு குருவி உள்ளுக்குப் போக ஏலாது. ஒரு வருசம் எனக்கு வேலை, பின்னேரந்தான் வந்தனான். அதுமட்டும் வூலா, புருசன், பிள்ளையள், அவையின்ரை சொந்தக்காரர் எல்லாரும் தெருவிலை காருக்குள்ளை இருந்து அவிஞ்சுகொண்டு இருந்தவை. நான் கேற்றாலை போக எல்லாரும் இறங்கி வந்து என்னைக் கட்டிப் பிடிச்சது இப்பவும் கண்ணுக்குள்ளை நிக்குது. எங்கடை ஊரிலை என்னை ஒருத்தரும் அப்பிடி வரவேற்கேல்லை பிள்ளை. சொந்தத் தம்பியின்ரை கலியாணத்துக்கே "பின்னாலை போய் இருங்கோ" எண்டவை.

தவமலருக்குத்தான் பொறாமை. "உங்கடை காலிலை இருக்கிற ராசி முழுக்க அங்கை கொண்டு போய்க் கொட்டிப்போட்டு, வெறும் காலோடை இஞ்சை வாறியள்" எண்டுவா. கூரை ஒழுகினாலும் அதாலைதான், மகன் கார் ஓடுற சோதினையிலை திருப்பித் திருப்பிக் கோட்டை விட்டாலும் அதாலைதான். ஒரு வருசம் என்னை வெளியாலை விட்டுக் கதவைப் பூட்டிப்போட்டு, "இப்ப முதல் எங்கடை வீட்டுக்கு வலது காலை வைச்சு வாங்கோ" எண்டா. வந்தன். வந்த வேகத்திலை வேட்டி தடக்கி விழுந்து, சாமித் தட்டிலை கிடந்த விளக்குச் சரிஞ்சு, திரைச்சீலை பத்தினது. அதோடை மனுசி அந்த ஆசையை விட்டிட்டா. "உங்கடை கால் ராசியை நான் கலியாணத்தண்டே பாத்திட்டன். அது அங்கையே இருக்கட்டும்" எண்டா.

சரி, முசுப்பாத்தியும் சிரிப்பும் போதும். அநியாயத்துக்கு வாறன்.

போன வருசப் பிறப்பிலை எனக்கு இந்த வலது முழங்கால் சில்லு சரியான நோ. அவையின்ரை வாசலிலை ஒரு உயரப் படி இருக்கு. அதிலை ஏறேக்கை கொஞ்சம் தடுமாறினன். ஆனா வலது காலைத்தான் வைச்சனான். சத்தியமா வலது கால். மனுசி பின்னாலை நிண்டு பாத்தவா, இடது கால் எண்டுறா. அவா கண்ணாடி போடேல்லை. கண்ணாடி போடாதவையின்ரை சாட்சி செல்லாது.

தனாசி அண்டைக்குக் கதிரையிலை இருந்தபடி கை தட்டினவர். கொஞ்சம் மெலிஞ்சு போயிருந்தார். "இந்த வயசிலை மெலிஞ்சிருந்தா நல்லது" எண்டு நான் அவரைப் பாராட்டினனான். அவரும் சிரிச்சார். ஆவணி மாதம் மனுசன் போயிட்டார்.

நல்ல வயசுதான். தொண்ணூறு கிட்ட. ஆனா பிள்ளை, வேலிக்கு அங்காலை அந்த மனுசன்ரை தொப்பி தெரியாமல் எனக்கு இப்பவும் அந்தப் பக்கம் பாக்க ஏலாது. தக்காளிக்குத் தண்ணி விட்டுக்கொண்டு என்னோடை உலகத்துச் சண்டையெல்லாம் பிடிக்கிற மனுசன். நான் செத்த வீட்டிலை பெட்டிக்குக் கிட்டப் போகேல்லை. போனா அழுதிடுவன் எண்டு போகேல்லை.

அதுக்குப் பிறகுதான் எல்லாம் மாறினது. ஸ்தமாத்தியா தலையிலை இருந்து கால்வரை கறுப்பு உடுத்துக்கொண்டு யன்னலெல்லாம் சாத்திப் போட்டா. வேலிக்கு மேலாலை கேக் வாறது நிண்டு போச்சு. காலை வணக்கமும் இல்லை, எங்கடை யன்னல் அதிர்ச்சியும் இல்லை. எனக்கு விளங்காதே? நான் முதல் கால் வைச்ச வருசத்திலைதானே புருசன் போனவர்! நாப்பதாம் நாள் வூலா ஒரு கிண்ணத்திலை, செத்தவருக்கெண்டு அவையள் அவிக்கிற கோதுமை கொண்டு வந்து தந்தவள், சீனி போட்டு. தின்னப் பாத்தா, உள்ளுக்கை மாதுளை முத்து! குத்திக் காட்டுறது எண்டா இதுக்கு மேலை எப்பிடிக் குத்திக் காட்டுறது? நான் சாப்பிடேல்லை. மனுசி ரெண்டு கிண்ணம் சாப்பிட்டா, ருசி எண்டு.

நானும் அந்தப் பக்கம் போறதை விட்டிட்டன். என்ரை முகத்தைப் பாத்தா அந்த மனுசிக்கு நோகுந்தானே? அந்தளவு யோசனை எனக்கு இருக்கு.

இப்ப இந்த மார்கழியிலை என்ன நடந்தது தெரியுமே? எங்களுக்கு எதிர் வீட்டுக்கு வந்த பரராசசிங்கம் எண்டு ஒரு ஆள். எங்கடை ஆள்தான், வங்கியிலை இருந்து ஓய்வெடுத்தவர். எந்த நேரமும் ஆருக்காவது உதவி செய்துகொண்டு திரிவார், சரியான அரியண்டம். அவருக்குத் தட்டைக்கால் பிள்ளை! சப்பாத்துக்குள்ளை விசேசமா ஒரு தட்டு வைச்சுத்தான் நடப்பார். அந்த மனுசன் ஸ்தமாத்தியா வீட்டுக்குச் சீமெந்துப் பை காவிக்கொண்டு போறார். நான் திரைச்சீலைக்குப் பின்னாலை நிண்டு பாத்தன். அந்த உயரப் படியை மூடி, வழுக்காமல் ஏறுறதுக்குச் சரிவாய் சீமெந்து போடுறார். பக்கத்திலை பிடிக்கிறதுக்கு ஒரு இரும்புக் கம்பியும் நடுறார். ஸ்தமாத்தியா பக்கத்திலை நிண்டு, "இன்னும் சரிவு, இன்னும் சரிவு" எண்டு கை காட்டுறா. முடிஞ்சு வரேக்கை அவற்றை கையிலை ஒரு போத்தல் அத்திப்பழப் பாணி!

எனக்கு உடனை விளங்கிட்டுது. தட்டைக்காலுக்குப் படி ஏலாது. அவருக்காக வாசலையே மாத்திக் கட்டியிருக்கினம்! இத்தினை வருசம் நான் அந்தப் படியிலை முழங்கால் தேய ஏறினனான், எனக்கு ஒரு பிடி சீமெந்து போட்டவையே?

மனுசி சொன்னா, போய் ஒரு வார்த்தை கேளுங்கோவன் எண்டு. நான் ஏன் கேக்க வேணும்? அவாவும் இந்த முறை "சபா, கால்" எண்டு வேலியாலை கூப்பிடேல்லை. நத்தார் போச்சு, கூப்பிடேல்லை. நேற்றும் கூப்பிடேல்லை. அதுதான் இண்டைக்கு வெள்ளெனவே எழும்பி வெளிக்கிட்டிட்டன். அந்தத் தட்டைக்காலன் உள்ளுக்குப் போறதை நான் நிண்டு பாக்க வேணுமே? வேட்டி ஏதோ பழக்கத்திலை கட்டினது. மாதுளம்பழம்… அது கோயிலுக்கு. முருகனுக்கு மாதுளம்பழம் படைக்கக் கூடாது எண்டு எங்கையும் எழுதியிருக்கோ?

கடவுளே, இந்த போன்! சரி, எடுக்கிறன், இல்லாட்டி விடமாட்டா.

ஹலோ. ஓம், கோயிலிலைதான் நிக்கிறன். என்ன கார்ச் சத்தம்? அது… அது தேருக்குப் பின்னாலை வாற கார். ஆர் சொன்னது இண்டைக்குத் தேர் இல்லையெண்டு?

என்ன? ஆர் வெளியிலை? எல்லாருமோ? வூலாவின்ரை பேரப்பிள்ளையுமோ, இந்த வெயிலுக்கையோ? ஏன் உள்ளுக்குப் போகேல்லை? பரராசசிங்கத்தைப் போகச் சொல்லுமன். அவருந்தான் வெளியிலையோ? குடை பிடிச்சுக்கொண்டோ? கத்தாதையும், தவம், கத்தாதையும், இஞ்சை ஒரு பிள்ளை கேட்டுக்கொண்டிருக்கு. என்னெண்டு? சரிவு ஆருக்கு? எனக்கோ? என்ரை முழங்காலுக்கோ?

ஆர் கதைக்கிறது? ஆ… ஸ்தமாத்தியா அக்கா. ஓம். ஓம், சபாதான். கத்தத் தேவையில்லை, கேக்குது.

…

ஓம். …

ஓம் அக்கா. வாறன்.

…ஒண்டுமில்லைப் பிள்ளை. வெயில் கண்ணுக்குள்ளை அடிக்குது. பொறுங்கோ, சால்வையாலை துடைக்கிறன்.

என்ன சொன்னவா தெரியுமே? தனாசிக்கு உள்ளுக்கை வருத்தமாம். போன வருசப் பிறப்புக்கு முதலே டொக்டர் கையை விரிச்சிட்டானாம், தை மாதம் தாண்டாது எண்டு. ஒருத்தருக்கும் சொல்லாதேங்கோ எண்டு மனுசன் வாயைக் கட்டிப் போட்டாராம். நான் மடையன், மெலிஞ்சது நல்லது எண்டு பாராட்டியிருக்கிறன். "நீ கால் வைச்சனீ சபா, அவர் தை தாண்டினவர். தன்ரை மரத்து அத்திப்பழம் தின்னவர். ஈஸ்டருக்குச் சிவப்பு முட்டை மோதி உடைக்கிற போட்டியிலை என்னை வெண்டவர். ஆவணிவரை எனக்குப் பக்கத்திலை இருந்தவர். அதுக்கு நன்றி சொல்ல நான் சாத்தின யன்னல் இடுக்காலை பாத்துக்கொண்டே இருந்தனான், நீ வேலிப்பக்கம் வரேல்லை" எண்டுறா. செத்த வீட்டுக்கார மனுசி, கறுப்போடை, தான் வேலிக்கு வந்து கூப்பிடக் கூடாதாம், ஒரு வருசத்துக்கு. நீ வருவாய்தானே எண்டு இருந்தவாவாம்.

பிறகு சொல்லுறா, "போன வருசம் நீ இடது காலைத்தான் வைச்சனீ. நான் பாத்தனான். இடது கால் இவ்வளவு செய்தா, வலது கால் என்ன செய்யாது? அதுதான் படியை மூடினனான். இந்த முறை கேக் இல்லை, பாட்டு இல்லை. கால் மட்டும் வேணும். இந்தப் புது வருசத்துக்குள்ளை தனியக் கால் வைக்க எனக்குப் பயமாக் கிடக்கு, சபா."

இடது காலாம் பிள்ளை. அவாவும் கண்ணாடி போடாத ஆள்தான். சரி, அந்த மனுசியோடை இண்டைக்கு வாதாட ஏலாது. இடது காலாவே இருந்திட்டுப் போகட்டும்.

அந்தப் பொல்லை ஒருக்கா எடுத்துத் தாங்கோ. வீடு கிட்டத்தான், ரெண்டு தெரு. நான் ஒளிச்சோடி வந்தாலும் முழங்கால் விட்ட தூரம் இவ்வளவுதானே.

இந்தா, பஸ் வருது! இவ்வளவு நேரமும் வராதது இப்ப வருது பாருங்கோ. ஏறுங்கோ பிள்ளை, போய் நித்திரை கொள்ளுங்கோ. என்ன? ஏறேல்லையோ? அட, போகுது, போகுது, கையைக் காட்டுங்கோ! ஏன் சிரிக்கிறியள்?

என்னோடை வாறியளோ? வாங்கோ, வாங்கோ! என்ரை மனுசியும் அங்கைதான் நிக்கிறா. கேக் இல்லாட்டியும் அந்த வீட்டிலை ஆரையும் வெறும் வயித்தோடை விடமாட்டினம். கப்பலாலை இறங்கின அண்டைக்குத் தங்களுக்கு ஒரு கதவும் திறக்கேல்லை எண்டு தனாசி சொல்லுறவர். அதாலை புதுசாய் வந்த ஆக்களைக் கண்டா அவையள் விடமாட்டினம். காலை வணக்கம் சொல்லேக்கை மட்டும் காதைப் பொத்திக்கொள்ளுங்கோ. பரராசசிங்கத்தையும் காட்டுறன். நல்ல மனுசன், எனக்கு எப்பவும் அவரிலை ஒரு மரியாதை.

அந்தப் பையை நீங்கள் காவுங்கோ, எனக்குப் பொல்லுப் பிடிக்க வேணும். மெல்லமா நடப்பம். ஆனா ஒண்டு பிள்ளை, கேற்றடிக்கு வந்ததும் எனக்குப் பின்னாலை நிண்டிட வேணும். குறை நினைக்காதேங்கோ. உங்கடை கால் எப்பிடியெண்டு எனக்கு இன்னும் தெரியாது.